அரசாங்கம் தர வேண்டிய கொந்தராத்துக் காசு: வழக்குக்கு முன்னும் பின்னும்

பொகவந்தலாவைக்கு மேலே ஒரு தோட்டப் பாதையில் தாங்குசுவர் கட்டி முடித்தாயிற்று என்று வைத்துக்கொள்வோம். தொழில்நுட்ப அதிகாரி (டி.ஓ.) வந்து அளந்துவிட்டார். பில் போட்டாயிற்று. இரண்டு மழைக்காலம் கடந்தும் சுவர் அசையாமல் நிற்கிறது. காசு மட்டும் வரவில்லை. காரியாலயத்துக்குப் போனால், "ஒதுக்கீடு இன்னும் வரல்ல, அடுத்த வருஷம் பார்ப்போம்" என்கிறார்கள். சீமெந்துக் கடைக்கும், லொறிக்காரருக்கும், பாஸ்மாருக்கும் அந்தப் பதிலைச் சொல்லி நாள் கடத்த முடியாது.

ஒதுக்கீடு வரவில்லை என்பது தாமதத்துக்கான காரணம். அதனால் கடன் அழிந்துவிடாது. நிதி கிடைத்தால் மட்டுமே கொடுப்போம் என்ற நிபந்தனை ஒப்பந்தத்தில் இல்லாதபோது, வேலையை ஏற்றுக்கொண்ட அரசு நிறுவனம் மற்ற எந்தக் கடனாளியையும் போலவே கடனாளிதான். நீதிமன்றத்தில் அதன்மேல் வழக்குப் போடலாம். ஆனால் இலங்கையில் அரசுக்கு எதிரான வழக்குக்குத் தனி வாசல், தனி அறிவித்தல், தனிக் காலக்கெடு உண்டு. மலையகத்தில் நல்ல வேலை செய்த பலர் காசை இழப்பது வழக்கில் தோற்று அல்ல. தவறான ஆளின்மேல் வழக்குப் போட்டோ, நாள் தவறியோதான் இழக்கிறார்கள்.

பில் எங்கே நிற்கிறது?

அரசின் கொடுப்பனவு ஒரே கையெழுத்தில் நடப்பதில்லை. நிதிப் பிரமாணங்கள் அதை அதிகாரமளித்தல், அங்கீகரித்தல், அத்தாட்சிப்படுத்தல், கொடுப்பனவு என்று நான்கு படிகளாகப் பிரித்திருக்கின்றன. டி.ஓ.வும் பொறியியலாளரும் அளவை உறுதிசெய்ய வேண்டும். பொறுப்பான அதிகாரி வவுச்சரை அங்கீகரிக்க வேண்டும். கணக்குக் கிளை கூட்டல், கழித்தல், பிடிப்புப் பணம் (குறைபாடு வந்தால் திருத்துவதற்காக நிறுத்திவைக்கும் பங்கு), முற்பணக் கழிவு எல்லாவற்றையும் பார்க்க வேண்டும். அதற்குப் பிறகுதான் திறைசேரியிலிருந்து வரும் காசு வழங்கப்படும். ஆண்டு ஒதுக்கீடு டிசம்பர் 31 உடன் முடிந்துவிடும். அதற்குள் கொடுக்காத பில் அடுத்த ஆண்டு ஒதுக்கீட்டுக்காகக் காத்திருக்கும். 2022 பொருளாதார நெருக்கடியில் பல காரியாலயங்களில் பில்கள் அடுக்கடுக்காகத் தேங்கியது இந்த இடத்தில்தான்.

உங்கள் பில் நான்கில் எந்தப் படியில் நிற்கிறது என்பது வழக்குக்கு மிக முக்கியம். அத்தாட்சிப்படுத்திய பில்லுக்குக் காசு மட்டும் வரவில்லை என்றால் கையில் வலுவான வழக்கு இருக்கிறது, ஏனென்றால் தொகையை மறுதரப்பே ஏற்றுவிட்டது. அளவையே இன்னும் ஒப்புக்கொள்ளவில்லை என்றால், காசைக் கேட்குமுன் எவ்வளவு வேலை செய்தீர்கள் என்பதை நீங்களே நிரூபிக்க வேண்டும்.

ஒரு பில், மூன்று கடன்

ஓர் உதாரணக் கணக்கு. அத்தாட்சிப்படுத்திய வேலையின் பெறுமதி 60 இலட்சம். இடைக்காலக் கொடுப்பனவாக 27 இலட்சம் வந்துவிட்டது. பிடிப்புப் பணம் 5 வீதம், அதாவது 3 இலட்சம். ஆகவே இப்போது வர வேண்டியது 30 இலட்சம். இதற்கு வெளியே, அத்திவாரம் தோண்டும்போது பாறை வந்தது. "உடைத்துப் போடுங்கள், பிறகு சேர்த்துக்கொள்வோம்" என்று அதிகாரி வாயால் சொன்னார். 42 கன மீற்றர், கன மீற்றருக்கு 6,500 ரூபா என்றால் 2,73,000 ரூபா.

பார்வைக்கு எல்லாம் ஒரே பாக்கி. சட்டத்தின் கண்ணில் இவை மூன்று வேறு கடன்கள். 30 இலட்சம் எழுத்து ஒப்பந்தத்தின் கீழ் வந்தது, அத்தாட்சியும் உண்டு. 3 இலட்சத்தில் சாதாரணமாகப் பாதி வேலையைக் கையேற்றதும், மீதி குறைபாட்டைத் திருத்தக் கொடுக்கும் காலம் முடிந்ததும் வர வேண்டும். ஆகவே அதன் நாள் கணக்கு பிந்தித்தான் தொடங்கும். பாறை வேலைக்கோ எழுத்தே இல்லை.

1871ஆம் ஆண்டின் 22ஆம் இலக்க காலவிதிப்புக் கட்டளைச் சட்டம், அதாவது வழக்குப் போடுவதற்கான காலக்கெடுவைச் சொல்லும் சட்டம், இவற்றுக்கு வெவ்வேறு ஆயுள் கொடுக்கிறது. எழுத்து ஒப்பந்தத்தின் மேலான வழக்குக்கு 6 ஆண்டு. எழுத்தில்லா ஒப்பந்தத்துக்கு 3 ஆண்டு. விற்றுக் கொடுத்த பொருளுக்கும் செய்த வேலைக்கும் கூலிக்கும் 8ஆம் பிரிவின் கீழ் ஒரே ஓர் ஆண்டு. வாய்ச்சொல்லில் செய்த மேலதிக வேலை இந்தக் கடைசி வகையில் விழும் ஆபத்து உண்டு. ஆகவே அதற்கு ஓர் ஆண்டுதான் இருக்கிறது என்று எண்ணியே நடக்க வேண்டும். மூன்று கடனும் 2022 மார்ச் 15 அன்று வர வேண்டியவை என்று ஒரு பேச்சுக்கு வைத்தால், 30 இலட்சத்துக்கு 2028 மார்ச் வரை நேரம் இருக்கும். பாறைக் காசுக்கான நேரம் 2023 மார்ச்சிலேயே முடிந்திருக்கும்.

காரியாலயத்துக்கு எத்தனை முறை ஏறி இறங்கினாலும் இந்தக் கடிகாரம் நிற்காது. வாக்குறுதியை வாயால் தந்தாலும் நிற்காது. கடனை ஒப்புக்கொண்டு கையெழுத்திட்ட கடிதமோ, அந்தக் கடனில் ஒரு பகுதிக் கொடுப்பனவோ இருந்தால்தான் கணக்கைப் புதிதாகத் தொடங்க இடமுண்டு. அதனால் ஒவ்வோர் ஆண்டும் ஒரு கடிதம் கொடுத்து, "மேற்படி ஒப்பந்தத்தின் கீழ் இன்ன தொகை நிலுவையில் இருப்பதை உறுதிப்படுத்தித் தரவும்" என்று கேளுங்கள். கணக்காளர் தரும் நிலுவை உறுதிக் கடிதத்தின் பெறுமதி பிறகுதான் தெரியும்.

பிரதேச சபை, நகர சபை, மாநகர சபை என்றால் இன்னும் கவனம் வேண்டும். இந்தச் சபைகளின் சட்டங்களில், வழக்குக்கு முன் ஒரு மாத எழுத்து அறிவித்தலும், வருடக் கணக்கில் அல்லாமல் மாதக் கணக்கில் முடியும் குறுகிய காலக்கெடுவும் இருக்கின்றன. உங்கள் கடனுக்கு அந்தக் கெடு பொருந்துமா பொருந்தாதா என்பது வாதத்துக்குரிய கேள்வி. அந்த வாதத்தில் தோற்கும் ஆளாக நீங்கள் இருக்க வேண்டாம். சபையின் கொடுப்பனவு பிந்திய முதல் மாதத்திலேயே சட்டத்தரணியைப் பாருங்கள்.

யார்மேல் வழக்கு?

ஒப்பந்தத்தின் முதல் பக்கத்தையும் கையெழுத்துப் பக்கத்தையும் எடுத்துப் பாருங்கள். "தொழில்தருநர்" என்று யாரின் பெயர் இருக்கிறது?

அமைச்சு, திணைக்களம், மாவட்ட செயலகம், பிரதேச செயலகம் என்றால் வழக்கு அரசுக்கு எதிரானது. குடியியல் நடவடிக்கைமுறைச் சட்டக்கோவையின் 456ஆம் பிரிவின்படி அது சட்டமா அதிபரை எதிராளியாக்கித்தான் வர வேண்டும். திணைக்களத்துக்குச் சட்டத்தில் ஆள்தன்மை இல்லை. "இன்ன திணைக்களம்" என்றோ "கச்சேரி" என்றோ எதிராளியின் பெயரைப் போட்டால், வேலை எவ்வளவு உண்மையாக இருந்தாலும் வழக்கு நிற்காது. வீதி அபிவிருத்தி அதிகார சபை, தேசிய நீர் வழங்கல் வடிகாலமைப்புச் சபை, தேசிய வீடமைப்பு அபிவிருத்தி அதிகார சபை போன்றவை தனிச் சட்டங்களால் உருவான கூட்டுத்தாபனங்கள். அவற்றின்மேல் அவற்றின் சொந்தப் பெயரிலேயே வழக்கு. உள்ளூராட்சிச் சபைகளும் அப்படித்தான். மாகாண சபை நிதியில் செய்த வேலை என்றால், கையெழுத்திட்டவர் எந்தப் பதவியில் கையெழுத்திட்டார் என்பதை முதலில் சட்டத்தரணியிடம் காட்டுங்கள்.

மலையகத்தில் அடிக்கடி வரும் சிக்கல் ஒன்று இந்த இடத்தில் உண்டு. சிறிய வேலைகளை கிராம அபிவிருத்திச் சங்கத்தின் பெயரில் கொடுப்பார்கள். சங்கம் கையெழுத்துப் போடும். உண்மையில் கல்லும் மணலும் இறக்கி, ஆள் பிடித்து, சொந்தக் காசைக் கொட்டி வேலையை முடிப்பவர் வேறொருவர். அவருக்கும் அரசுக்கும் இடையில் எந்த ஒப்பந்தமும் இல்லை. காசு நின்றுபோனால் அவரால் அரசின்மேல் நேராக வழக்குப் போட முடியாது. வழக்காளியாகச் சங்கம் வர வேண்டும், அல்லது சங்கத்தின்மேல் அவர் வழக்குப் போட வேண்டும். சங்கத்தின் தலைவரும் செயலாளரும் மாறிவிட்டால் இரண்டுமே கடினம். இப்படி வேலை எடுப்பவர், தொடங்குமுன்னே சங்கத்தின் கூட்ட அறிக்கையில் தீர்மானம் எழுதவைத்து, தனக்கும் சங்கத்துக்கும் இடையில் ஓர் எழுத்து உடன்படிக்கை செய்துகொள்ள வேண்டும். வெட்கப்பட்டு விடும் விடயம் அல்ல இது. அந்த ஒரு தாள் இல்லாமல் வீட்டை ஈடு வைத்தவர்கள் இருக்கிறார்கள்.

மலையில் அளவு மறைந்துவிடும்

சமதரையில் கட்டிய கட்டடத்தை எந்த நாளும் திரும்பப் போய் அளக்கலாம். மலைச்சரிவில் முடியாது. தாங்குசுவரின் அத்திவாரம் மண்ணுக்குள் போய்விடும். சுவருக்குப் பின்னால் போட்ட வடிகட்டுக் கல்லும், நீர்வடி குழாயும், பின்நிரப்பும் கண்ணுக்குத் தெரியாது. அடுத்த மண்சரிவில் தோண்டிய தடமே அழிந்துவிடலாம். பில்லை வெட்டுபவர்கள் முதலில் கைவைப்பதும் இந்த மறைந்த அளவுகளில்தான்.

ஆகவே மூடுமுன் அளக்க வேண்டும், இருவரும் சேர்ந்து அளக்க வேண்டும், அளவைத்தாளில் அன்றைக்கே இருவரும் கையெழுத்திட வேண்டும். தோண்டுமுன் இருந்த தரைமட்டம் ஒன்று, தோண்டிய பின் மட்டம் ஒன்று. மண்ணுக்கும் சிதைந்த பாறைக்கும் கடும் பாறைக்கும் விலை வேறு என்பதால், பாறை தொடங்கிய மட்டத்தைத் தனியாகக் குறிக்க வேண்டும். டி.ஓ. வரவில்லை என்றால் "நாளை காலை 10 மணிக்கு அத்திவாரம் மூடப்படும், அளக்க வரவும்" என்று எழுத்தில் அறிவித்து, பிரதியில் காரியாலய முத்திரை வாங்குங்கள். அளவுகோலை வைத்து, திகதியோடு படம் எடுங்கள். கேபியன் கூடை (கல் நிரப்பும் கம்பிக் கூடை) என்றால் எண்ணிக்கையும் கூடையின் அளவும் போதும். 2 மீற்றருக்கு 1 மீற்றருக்கு 1 மீற்றர் கூடை என்றால் ஒவ்வொன்றும் 2 கன மீற்றர். மூடுமுன் ஒவ்வொரு வரிசையையும் எண்ணி எழுதினால் பிறகு தர்க்கமே வராது.

மழையையும் எழுதுங்கள். நுவரெலியா, ஹற்றன் பக்கம் தென்மேல் பருவமழையில் வேலை நின்ற நாட்களும், பதுளைப் பக்கம் ஆண்டு முடிவில் நின்ற நாட்களும் தளக் குறிப்பேட்டில் இல்லாவிட்டால், உங்கள் காசைக் கேட்கும் நாளில் மறுதரப்பு தாமதத் தண்டப் பணத்தை எடுத்துக்கொண்டு வரும். கால நீடிப்பை மழை பெய்த மாதமே எழுத்தில் கேட்டிருக்க வேண்டும். உரிமைக் கோரிக்கைக்கான அறிவித்தலுக்கு 28 நாள் என்று பல ஒப்பந்தங்களில் கெடு இருக்கும்.

அவசர வேலை இன்னும் சிக்கல். 2025 நவம்பரில் டித்வா புயலோடு வந்த மண்சரிவுகளைப் போன்ற நேரத்தில், பாதையைத் திறக்க பெக்கோ (மண் தோண்டும் இயந்திரம்) கொண்டுவரும்படி தொலைபேசியில்தான் சொல்வார்கள். மக்கள் சிக்கியிருக்கும்போது கடிதம் தந்தால்தான் வருவேன் என்று எவரும் நிற்க மாட்டார், நிற்கவும் கூடாது. ஆனால் அன்றிரவே ஒரு குறுஞ்செய்தியாவது அனுப்பலாம்: "நீங்கள் சொன்னபடி இன்ன இடத்தில் காலை 6 முதல் மாலை 5 வரை பெக்கோ ஓடியது." ஒரு வாரத்துக்குள் ஓட்ட நேரத் தாளில் அந்த அதிகாரியின் கையெழுத்தையும் வாங்க வேண்டும். எழுத்திலான உத்தரவு பின்னால் வரும் என்ற நம்பிக்கையில் ஓராண்டைக் கடத்திவிட்டால் காலவிதிப்புச் சட்டத்தின் 8ஆம் பிரிவு குறுக்கே நிற்கும்.

கோப்பில் இருப்பதைக் கேட்டு வாங்குங்கள்

உங்களிடம் இல்லாத தாள் காரியாலயக் கோப்பில் இருக்கும். 2016ஆம் ஆண்டின் 12ஆம் இலக்க தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் அதைக் கேட்கலாம். தகவல் அதிகாரி 14 வேலை நாட்களுக்குள் தீர்மானம் தர வேண்டும். மறுத்தால் 14 நாட்களுக்குள் குறித்தளிக்கப்பட்ட அதிகாரிக்கும், அதற்கு மேல் இரண்டு மாதத்துக்குள் ஆணைக்குழுவுக்கும் மேன்முறையீடு செய்யலாம்.

"என் பில் ஏன் தாமதம்?" என்று கேட்டால் ஒரு வரிப் பதில்தான் வரும். அளவைத்தாளின் பிரதி, பொறியியலாளரின் அத்தாட்சி, வவுச்சர் இலக்கமும் திகதியும், ஒதுக்கீடு கேட்டுத் திறைசேரிக்கோ அமைச்சுக்கோ அனுப்பிய கடிதங்களின் பிரதி என்று தாள் தாளாகக் கேளுங்கள். அந்தக் கடைசிக் கடிதம் கைக்கு வந்தால் பாதி வேலை முடிந்தது. "இன்ன ஒப்பந்தகாரருக்கு 30 இலட்சம் நிலுவை, நிதி தரவும்" என்று காரியாலயமே எழுதியிருக்கும். அதற்குப் பிறகு தொகையில் தகராறு என்று சொல்வது அவர்களுக்குச் சுலபமல்ல.

கோரிக்கைக் கடிதம், பிறகு அறிவித்தல்

இவை இரண்டும் ஒன்றல்ல. கோரிக்கைக் கடிதம் கடன்பட்ட காரியாலயத்துக்குப் போவது. ஒப்பந்த இலக்கம், பில் இலக்கம், தொகை, கொடுக்க வேண்டிய திகதி எல்லாவற்றையும் எழுதி, இன்ன நாளுக்குள் தரவும் என்று நாள் குறிக்க வேண்டும். ஒப்பந்தத்தில் கொடுப்பனவு நாள் தெளிவாக இல்லாதபோது, இந்தக் கடிதமே மறுதரப்பைச் சட்டப்படி தாமதத்தில் வைக்கிறது. வட்டிக் கணக்கையும் அதிலிருந்து தொடங்கலாம். தமிழிலேயே எழுதலாம், தமிழிலேயே பதில் கேட்கலாம். அரசியலமைப்பு தரும் உரிமை அது.

வழக்குக்கு முந்திய அறிவித்தல் வேறு. சட்டக்கோவையின் 461ஆம் பிரிவின்படி, சட்டமா அதிபருக்கு எழுத்தில் அறிவித்தல் கொடுத்து ஒரு மாதம் முழுதாகக் கழிந்த பிறகே வழக்குத் தாக்கல் செய்யலாம். அதில் வழக்குக்கான காரணம், வழக்காளியின் பெயர், வசிப்பிடம், கேட்கும் நிவாரணம் இருக்க வேண்டும். அறிவித்தல் கொடுத்ததை வழக்குரையிலும் சொல்ல வேண்டும். அறிவித்தலில் 30 இலட்சம் என்று எழுதிவிட்டு வழக்கில் பிடிப்புப் பணத்தையும் சேர்த்துக் கேட்டால் தேவையில்லாத ஆட்சேபனை வரும். ஆகவே மூன்று கடனையும் முதலிலேயே பிரித்து எழுதுங்கள். கொழும்பு புதுக்கடையில் உள்ள சட்டமா அதிபர் திணைக்களத்தில் கையளித்து முத்திரை வாங்கலாம். பதிவுத் தபாலில் அனுப்பினால் பற்றுச்சீட்டு பத்திரம். இந்த ஒரு மாதம் காலவிதிப்பை நிறுத்திவைக்கும் என்று நம்பாதீர்கள். ஆறாவது ஆண்டின் கடைசி வாரத்தில் வருபவருக்குச் சட்டத்தரணியால் செய்யக்கூடியது மிகக் கொஞ்சம்.

நடுத்தீர்ப்பு வாசகம் இருக்கிறதா?

பெரிய ஒப்பந்தங்களில், நிர்மாணத் தொழில் அபிவிருத்தி அதிகார சபையின் மாதிரி ஆவணங்களைப் பின்பற்றியவற்றில், பிணக்கு வந்தால் முதலில் தீர்ப்பாளர் ஒருவர், பிறகு நடுத்தீர்ப்பு (நீதிமன்றத்துக்கு வெளியே நடுவர் தரும் தீர்ப்பு) என்று வாசகம் இருக்கும். அதைத் தாண்டி நீங்கள் மாவட்ட நீதிமன்றத்துக்குப் போகலாம்தான். ஆனால் 1995ஆம் ஆண்டின் 11ஆம் இலக்க நடுத்தீர்ப்புச் சட்டத்தின் 5ஆம் பிரிவின்படி, மறுதரப்பு ஆட்சேபித்தால் அந்த நீதிமன்றத்துக்கு நியாயாதிக்கம் இல்லாமல் போகும். இரண்டு வருடம் நடந்த வழக்கு ஒரு காலையில் முடிந்துவிடும்.

நடுத்தீர்ப்புக்குச் செலவு கூட, நடுத்தீர்ப்பாளர் கட்டணத்தையும் தரப்புகளே ஏற்க வேண்டும். ஆனால் பொறியியல் தெரிந்தவர் கேட்பதால் அளவுச் சண்டைக்கு அது நல்ல இடம். தீர்ப்பு உங்கள் பக்கம் வந்தாலும் அதைச் செயற்படுத்த மேல் நீதிமன்றத்தில் விண்ணப்பிக்க வேண்டும். தீர்ப்பளித்து 14 நாள் முடிந்ததிலிருந்து ஓர் ஆண்டுக்குள் அதைச் செய்ய வேண்டும். மறுதரப்பு அதை இரத்துச் செய்யக் கேட்பதற்குக் கிடைப்பது 60 நாள். இந்த விண்ணப்பங்கள் கொழும்பில்தான் கேட்கப்படும். ஹற்றனிலிருந்து போய்வரும் செலவை ஆரம்பத்திலேயே கணக்கில் சேருங்கள்.

எந்த நீதிமன்றம்?

நடுத்தீர்ப்பு வாசகம் இல்லாத சாதாரண பில் என்றால் மாவட்ட நீதிமன்றம். ஒப்பந்தம் செய்த இடத்திலோ வழக்குக்கான காரணம் எழுந்த இடத்திலோ போடலாம் என்பதால், நுவரெலியா, ஹற்றன், கண்டி, பதுளை, பண்டாரவளை என்று பக்கத்திலுள்ள மன்றம் பெரும்பாலும் பொருந்தும். மன்றத்தின் வேலை சிங்களத்தில் நடந்தாலும், வழக்குரையைத் தமிழில் கொடுக்கவும் மொழிபெயர்ப்பைக் கேட்கவும் அரசியலமைப்பின் 24ஆம் உறுப்புரை உரிமை தருகிறது. சாட்சி சொல்லும்போது அரைகுறைச் சிங்களத்தில் அளவுகளைச் சொல்லிச் சிக்கிக்கொள்ளாதீர்கள். மொழிபெயர்ப்பாளரைக் கேளுங்கள்.

"ரிட் போட்டால் சீக்கிரம் முடியுமாமே?" என்று பலர் கேட்பார்கள். ரிட் என்பது அரச அதிகாரிக்கு அவரின் கடமை பற்றி நீதிமன்றம் இடும் எழுத்தாணை. வெறும் ஒப்பந்தக் கடனுக்கு அது பொருந்தாது. தரப்புகளின் உறவு முழுக்க வணிக ஒப்பந்த உறவாக இருந்தால் ஆணையீட்டு எழுத்தாணை வழங்கப்படாது என்பதை மேன்முறையீட்டு நீதிமன்றம் 1985லேயே தெளிவாகச் சொல்லியிருக்கிறது. பொதுமக்களின் முறைப்பாட்டை விசாரிக்கும் ஒம்புட்ஸ்மனுக்கோ பாராளுமன்றத்தின் பொது மனுக்கள் குழுவுக்கோ மனுக் கொடுக்கலாம், சில நேரம் அதில் கோப்பு அசையும். அந்த மனு நடக்கும்போதும் காலவிதிப்பு ஓடிக்கொண்டுதான் இருக்கும்.

வழக்குப் போட்டால் இனி வேலை தரமாட்டார்கள் என்ற பயம் உண்மையானது. அந்தப் பயத்தை மதிக்கத்தான் வேண்டும். ஆனால் நிலுவை உறுதிக் கடிதம் கேட்பதற்கும், கோப்பின் பிரதி கேட்பதற்கும், நாள் குறித்துக் கோரிக்கை அனுப்புவதற்கும் எவரோடும் பகைக்கத் தேவையில்லை. பில் பிந்திய முதல் ஆண்டிலேயே இவற்றைச் செய்துவிட்டால், வழக்கா இல்லையா என்ற முடிவை ஆறுதலாக எடுக்கலாம்.

தீர்ப்புக்குப் பிறகு

மாவட்ட நீதிமன்றத் தீர்ப்புக்கு எதிராக மறுதரப்பு 14 நாட்களுக்குள் அறிவித்தலும், 60 நாட்களுக்குள் மனுவும் கொடுத்து, குடியியல் மேன்முறையீட்டு மேல் நீதிமன்றத்துக்குப் போகலாம். மத்திய மாகாணத்துக்குக் கண்டியிலும், ஊவாவுக்குப் பதுளையிலும் அது இருக்கிறது. அதற்கு மேல் உயர் நீதிமன்றம். ஆகவே வென்ற மறுநாள் காசு என்று கடைக்காரருக்கு வாக்குக் கொடுக்க வேண்டாம். வழக்குரையில் வட்டியைக் கேட்க மறக்காதீர்கள். கேட்காத வட்டி வராது.

இன்னொன்றையும் முன்கூட்டியே தெரிந்திருக்க வேண்டும். தனியாளின்மேல் தீர்ப்பு என்றால் நீதிமன்ற அலுவலரான பிஸ்கால் போய் வாகனத்தைப் பிடிப்பார். சட்டமா அதிபருக்கு எதிரான தீர்ப்பில் அது நடக்காது. சட்டக்கோவையின் 462ஆம் பிரிவு அப்படியான எழுத்தாணையைத் தடுக்கிறது. அரசு தீர்ப்பாணையை மதித்துத் தன் நடைமுறைப்படியே காசைக் கொடுக்கும். ஆகவே தீர்ப்பாணையின் சான்றுப்படுத்திய பிரதியை வாங்கி, அமைச்சின் செயலாளர், திணைக்களத் தலைவர், பிரதான கணக்காளர் மூவருக்கும் பதிவுத் தபாலில் அனுப்புங்கள். சட்டமா அதிபர் திணைக்களத்துக்கும் ஒரு பிரதி. அசல், வட்டி, வழக்குச் செலவு மூன்றையும் தனித்தனியாகக் கூட்டி, வங்கிக் கணக்கு விபரத்தோடு வையுங்கள். அடுத்த ஆண்டு வரவு செலவுத் திட்டத்துக்கான மதிப்பீடுகளைக் காரியாலயம் தயாரிக்கும் மாதங்களுக்கு முன்னரே இந்தக் கடிதம் போய்ச் சேர்ந்தால், உங்கள் தொகை அந்தப் பட்டியலில் ஏறும். பிந்திப் போனால் இன்னொரு டிசம்பர் 31 வரை காத்திருக்க வேண்டும்.